திருச்சி வழக்கை நாகர்கோவிலுக்கு மாற்ற முடியுமா?

கடிதம் எழுதியிருப்பவருக்கு வயது 31. 2019-இல் நாகர்கோவிலில் திருமணம். பிறகு கணவர் வேலை பார்க்கும் திருச்சியில் குடித்தனம். வீட்டுச் சண்டை முற்றி, ஒன்றரை வருடத்துக்கு முன்பு மகளைத் தூக்கிக்கொண்டு தாய் வீட்டுக்கு வந்துவிட்டார். மகளுக்கு இப்போது நான்கு வயது. அப்பா பக்கவாதத்தில் படுத்திருக்கிறார், அம்மா அவரைவிட்டு அசைய முடியாது. வாசகி ஒரு மழலையர் பள்ளியில் மாதம் 9,000 ரூபாய்க்கு வேலை பார்க்கிறார். இந்த நிலையில் கணவர், தன்னைக் கொடுமைப்படுத்தியதாகச் சொல்லி, திருச்சி குடும்பநல நீதிமன்றத்தில் விவாகரத்து கேட்டிருக்கிறார்.

முதல் வாய்தாவுக்கு வாசகி போயிருக்கிறார். இரவு பஸ். விடியும் முன்பே திருச்சியில் இறங்கி, தூங்கும் குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு பேருந்து நிலையத்தில் வெளிச்சம் வரும்வரை உட்கார்ந்திருக்கிறார். பத்தரை மணிக்குக் கோர்ட்டு. பன்னிரண்டு மணிக்கு மேல்தான் டவாலி பெயரைக் கூப்பிட்டார். உள்ளே போனால் நீதிபதி விடுப்பு. மறு தேதியைத் துண்டுச்சீட்டில் எழுதிக் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். இரண்டு நாள் சம்பளம் போனது, குழந்தைக்குக் காய்ச்சல் வந்தது.

“பெண்கள் கேட்டால் கோர்ட்டு மாற்றிக் கொடுத்துவிடும் என்கிறார்கள். திருச்சி நீதிபதியிடமே மனு கொடுத்தால் போதுமா? போகாமலே இருந்தால் வழக்கு தள்ளுபடியாகிவிடும் என்கிறார் சித்தப்பா. நாமும் இங்கே ஒரு விவாகரத்து வழக்குப் போட்டால் அந்த வழக்கு தானாக இங்கே வந்துவிடும் என்கிறார் பக்கத்து வீட்டில் இருக்கும் ஓய்வுபெற்ற குமாஸ்தா. வரதட்சணைப் புகார் கொடு, ஓடி வருவார் என்கிறாள் அக்கா மகள். எனக்கு விவாகரத்து வேண்டுமா வேண்டாமா என்பதே இன்னும் முடிவாகவில்லை. மகளைக் கோர்ட்டுக்கு அழைத்துப் போகத்தான் வேண்டுமா?” என்று கேட்கிறார்.

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் சித்தப்பாவிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் அவர் சொன்னதுதான் எல்லாவற்றிலும் ஆபத்தானது. வழக்குப் போட்டவர் வராமல் இருந்தால்தான் வழக்கு தள்ளுபடியாகும். எதிர்மனுதாரரான நீங்கள் வராமல் இருந்தால், கணவர் சொன்னதை மட்டும் கேட்டு ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பு எழுதிவிடலாம். வழக்கறிஞர்கள் நாங்கள் ‘எக்ஸ்பார்ட்டி’ என்போமே, அதுதான். பிறகு அதை ரத்துசெய்யக் கேட்டு 30 நாளுக்குள் மனுப் போட வேண்டும், வராததற்குத் தகுந்த காரணம் காட்ட வேண்டும். அதற்கும் திருச்சிக்குத்தான் போக வேண்டும். சம்மனை வாங்காமல் திருப்பி அனுப்புவதும் இதே ரகம். வாங்க மறுத்தால் கொடுத்ததாகவே கணக்கு. நீங்கள் வாங்கினீர்கள், முதல் வாய்தாவுக்கும் போனீர்கள். அந்த ஒரு இரவுப் பயணம் வீண் என்று நினைத்து அழுததாக எழுதியிருக்கிறீர்கள். அது வீண் இல்லை. வழக்கை வேறு ஊருக்கு மாற்றக் கேட்கும் மாற்று மனுவில் உங்களுக்கு முதல் சாட்சியே அந்தப் பயணம்தான். பஸ் டிக்கெட் இருந்தால் பத்திரப்படுத்துங்கள்.

திருச்சியில் அவர் வழக்குப் போட்டது தவறா?

‘நான் இருக்கும் ஊரில்தானே போட்டிருக்க வேண்டும்’ என்று கடிதத்தில் ஓரிடத்தில் கோபப்பட்டிருக்கிறீர்கள். இந்து திருமணச் சட்டத்தின் 19-ஆவது பிரிவு, திருமணம் நடந்த ஊர், எதிர்மனுதாரர் வசிக்கும் ஊர், இருவரும் கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்த ஊர் என்று பல இடங்களை அனுமதிக்கிறது. நீங்கள் கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்தது திருச்சியில். ஆகவே அவர் அங்கே போட்டது செல்லும். 2003-இல் வந்த திருத்தம், மனைவி வழக்குப் போட்டால் அவர் வசிக்கும் ஊரிலேயே போடலாம் என்று ஒரு சலுகை தந்தது. அது நீங்கள் போடும் வழக்குக்குத்தான் பொருந்தும். அதைக் காட்டி அவர் போட்ட வழக்கைச் செல்லாததாக்க முடியாது. ‘இந்தக் கோர்ட்டுக்கு அதிகாரமே இல்லை’ என்று வாதாடினால் தோற்பீர்கள். ‘அதிகாரம் இருக்கிறது, ஆனால் என்னால் அங்கே வந்து வழக்கு நடத்த முடியவில்லை’ என்பதுதான் உங்கள் வாதம்.

அந்த வாதத்தைத் திருச்சி நீதிபதியிடம் சொல்லிப் பயனில்லை. தன்னிடம் உள்ள வழக்கை இன்னொரு மாவட்டத்துக்கு அனுப்பும் அதிகாரம் அவருக்குக் கிடையாது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 24-ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்துக்குத்தான் உண்டு. திருச்சியும் கன்னியாகுமரி மாவட்டமும் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குள் வருகின்றன. எனவே மனுவை மதுரையில் போட வேண்டும். ஒருவகையில் இது உங்கள் நல்ல காலம். உங்கள் கணவர் ஏறக்குறைய 70 கிலோமீட்டரில் இருக்கும் திருவனந்தபுரத்தில் வழக்குப் போட்டிருந்தால், அங்கிருந்து நாகர்கோவிலுக்கு மாற்ற டெல்லி உச்ச நீதிமன்றத்துக்குப் போயிருக்க வேண்டும். மாநிலம் விட்டு மாநிலம் மாற்றுவது 25-ஆவது பிரிவின் கீழ் உச்ச நீதிமன்றத்தின் வேலை. உயர் நீதிமன்றம் தன் எல்லைக்கு வெளியே உள்ள கோர்ட்டுக்கு வழக்கை அனுப்ப முடியாது என்று 2008-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சட்டத்துக்குத் தூரம் கிலோமீட்டரில் இல்லை, எல்லைக்கோட்டில் இருக்கிறது.

மதுரைக்கு நீங்கள் ஒவ்வொரு முறையும் வர வேண்டியதில்லை. வக்காலத்திலும் பிரமாணப் பத்திரத்திலும் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால், உங்கள் வழக்கறிஞர் நடத்துவார். வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணம் இல்லை என்று தயங்க வேண்டாம். சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12-ஆவது பிரிவின்படி பெண்களுக்கு வருமான வரம்பே இல்லாமல் இலவச சட்ட உதவி உண்டு. நாகர்கோவில் நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள், அல்லது 15100 என்ற எண்ணில் பேசுங்கள்.

பெண் கேட்டால் கிடைத்துவிடுமா?

அநேகமாகக் கிடைக்கும். ‘தானாக’ கிடைக்காது. திருமண வழக்குகளில் மனைவியின் வசதியைப் பெரிதாகப் பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. 2022-இல் வேலூர் குடும்பநல நீதிமன்றத்தில் இருந்த ஒரு வழக்கை மாற்ற நம் உயர் நீதிமன்றம் மறுத்தபோது, உச்ச நீதிமன்றம் அதைத் திருத்திச் சென்னைக்கு மாற்றிக் கொடுத்தது. அந்தத் தீர்ப்பில் இரு தரப்பின் பொருளாதார நிலை, வாழ்க்கைத் தரம், யார் யாரை அண்டி வாழ்கிறார்கள் என்பதையெல்லாம் பார்க்க வேண்டும் என்றது. ஆனால் அதே உச்ச நீதிமன்றம் 2006-இல் ஒரு வழக்கில், பெண்களுக்குக் காட்டும் இந்தத் தாராளத்தைச் சிலர் தவறாகப் பயன்படுத்துகிறார்கள் என்று சொல்லி மாற்ற மறுத்தது. மனைவியும் துணைக்கு வருபவரும் வந்து போகும் செலவைக் கணவர் கொடுக்கட்டும் என்று முடித்தது.

உங்கள் கணவரின் வழக்கறிஞர் இதைத்தான் எடுத்து நீட்டுவார் என்று நான் எதிர்பார்க்கிறேன். ‘பஸ் செலவை நாங்கள் தருகிறோம்’ என்பது கேட்க நியாயமாக இருக்கும், நீதிபதிக்கும் சுலபமான வழி. அதற்குப் பதில் உங்கள் மனுவிலேயே இருக்க வேண்டும். ‘எனக்குச் சிரமமாக இருக்கிறது’ என்று ஒரே வரியில் எழுதிய மனுக்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன், அவை நிற்பதில்லை. உங்கள் பிரச்சினை பஸ் கட்டணம் இல்லையே. 350 கிலோமீட்டருக்கு மேல் இரவுப் பயணம், துணைக்கு ஆள் இல்லை, அப்பா படுக்கையில், அம்மா அவர் அருகில், ஆகவே குழந்தையை விட்டுப் போக வீட்டில் ஆள் இல்லை, ஒவ்வொரு வாய்தாவுக்கும் இரண்டு நாள் சம்பளம் பிடிப்பு. இவற்றில் எதையும் அவர் தரும் பணம் சரிசெய்யாது. இதை அப்படியே எழுதச் சொல்லுங்கள். ஒவ்வொரு வரிக்கும் ஒரு காகிதம் இருக்கட்டும்: மகளின் பிறப்புச் சான்றிதழ், அவள் நாகர்கோவிலில் படிப்பதற்கான பள்ளிச் சான்று, அப்பாவின் மருத்துவச் சீட்டுகள், உங்கள் சம்பளச் சான்று, அந்தப் பஸ் டிக்கெட்.

எழுதக் கூடாத ஒன்றும் உண்டு. ‘திருச்சி நீதிபதி கணவர் பக்கம் சாய்ந்திருக்கிறார்’ என்று யாரோ சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். நீங்கள் அந்த நீதிபதியைப் பார்க்கவே இல்லை, அன்று அவர் விடுப்பு! ஆதாரமில்லாமல் நீதிபதி மீது பழி சொல்லும் மனு, நல்ல காரணங்களையும் சேர்த்துக் கெடுத்துவிடும். கணவர் தரப்பால் உயிருக்கு மிரட்டல் இருந்தால் அது வேறு, அதைச் சொல்லத்தான் வேண்டும். உங்கள் கடிதத்தில் அப்படி எதுவும் இல்லை. இல்லாததைச் சேர்க்க யார் சொன்னாலும் கேட்காதீர்கள்.

குமாஸ்தா சொன்ன யோசனை

சட்டத்தோடு பழகியவர் சொன்னது என்பதால் இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். நீங்கள் நாகர்கோவிலில் விவாகரத்து வழக்குப் போடலாம், அந்த உரிமை உண்டு. ஆனால் கணவனும் மனைவியும் வெவ்வேறு கோர்ட்டுகளில் விவாகரத்தோ நீதிமன்றப் பிரிவோ (திருமணம் முறியாமல் பிரிந்து வாழ்வதற்கான உத்தரவு) கேட்டால், பின்னால் போட்ட வழக்கு முன்னால் போட்ட கோர்ட்டுக்குப் போக வேண்டும் என்கிறது இந்து திருமணச் சட்டத்தின் 21ஏ பிரிவு. முன்னால் போட்டவர் உங்கள் கணவர். ஆக, அவர் வழக்கு நாகர்கோவிலுக்கு வருவதற்குப் பதில் உங்கள் வழக்கும் சேர்ந்து திருச்சிக்குப் போகும். கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதை. இந்தப் பிரிவு இருந்தாலும் மாற்றும் அதிகாரம் மேல் நீதிமன்றங்களுக்கு உண்டு என்று 1981-லேயே தீர்ப்பு இருக்கிறதுதான். ஆனால் கணவர் கையில் ஒரு ஆயுதத்தை நாமே எடுத்துக் கொடுப்பானேன்? அதைவிட, விவாகரத்து வேண்டுமா என்பதே முடிவாகாத ஒருவர், ஊர் மாற்றுவதற்காக விவாகரத்து கேட்பது எனக்குச் சரியாகப் படவில்லை. சேர்ந்து வாழக் கோரும் 9-ஆவது பிரிவு மனுவுக்கும் இதையே சொல்வேன். மனதார வேண்டும் என்றால் போடுங்கள். தந்திரமாகப் போட்டால், ‘சரி, வா’ என்று கணவர் சொல்லும் நாளில் என்ன செய்வீர்கள்?

நாகர்கோவிலில் நீங்கள் உண்மையிலேயே போட வேண்டிய வழக்கு ஒன்று இருக்கிறது: ஜீவனாம்சம். ஒன்றரை வருடமாகக் கணவர் மகளுக்கு ஒரு ரூபாயும் அனுப்பவில்லை என்று கடிதத்தின் நடுவில், போகிற போக்கில், எழுதியிருக்கிறீர்கள். அதை ஏன் இவ்வளவு சிறியதாக எடுத்துக்கொண்டீர்கள் என்று தெரியவில்லை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆவது பிரிவுதான் 2024 ஜூலை முதல் புதிய பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 144-ஆவது பிரிவாக இருக்கிறது. அதன் கீழ் மனைவி வசிக்கும் ஊரிலேயே உங்களுக்கும் மகளுக்கும் ஜீவனாம்சம் கேட்கலாம். இருவரும் தங்கள் வருமானம், சொத்து, கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும் என்றும், மனுப் போட்ட தேதியிலிருந்தே ஜீவனாம்சம் கணக்காகும் என்றும் உச்ச நீதிமன்றம் 2020-இல் வழிகாட்டியிருக்கிறது. அதாவது நீங்கள் தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் நஷ்டம். இந்த வழக்கு நாகர்கோவிலில் இருந்தால் மாற்று மனுவுக்கும் பலம்: எப்படியும் கணவர் இங்கே வந்தாக வேண்டும், இரண்டையும் ஒரே கோர்ட்டில், ஒரே நாளில் நடத்தலாமே என்று கேட்கலாம். இது தந்திரம் இல்லை, மகளுக்குச் சேர வேண்டியது.

அக்கா மகளின் யோசனைக்கு ஒரு பத்தி போதும். வரதட்சணைக் கொடுமை நடந்திருந்தால், நீங்கள் தஞ்சம் புகுந்த ஊரிலேயே புகார் கொடுக்கலாம் என்று 2019-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியிருக்கிறது. ஆனால் உங்கள் கடிதத்தில் மாமியாரின் வாய், கணவரின் மௌனம், குடித்தனச் சண்டை இவைதான் இருக்கின்றன. வரதட்சணை பற்றி ஒரு சொல் இல்லை. நடக்காததைப் புகாராக எழுதினால், நாளை சாட்சிக் கூண்டில் குறுக்கு விசாரணையில் நிற்கப்போவது உங்கள் அக்கா மகள் இல்லை.

மனுப் போட்ட பிறகு

மதுரையில் மனுப் போட்டுவிட்டாலே திருச்சி வழக்கு நின்றுவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். நிற்காது. மாற்று மனுவோடு இடைக்காலத் தடையும் தனியாகக் கேட்க வேண்டும், அந்த உத்தரவு திருச்சி கோர்ட்டுக்குப் போய்ச் சேர வேண்டும். அதுவரை ஒவ்வொரு வாய்தாவிலும் உங்களுக்காக ஒருவர் நிற்க வேண்டும். குடும்பநல நீதிமன்றத்தில் வழக்கறிஞர் வைத்துக்கொள்வது உரிமை அல்ல, நீதிபதி அனுமதித்தால் உண்டு என்கிறது 1984-ஆம் ஆண்டுச் சட்டம். நடைமுறையில் அனுமதி கேட்டால் பெரும்பாலும் கிடைக்கும். திருச்சியில் ஒரு வழக்கறிஞரை வைத்து, மாற்று மனு நிலுவையில் இருப்பதை எழுத்தில் தாக்கல் செய்து, அவகாசம் கேட்கச் சொல்லுங்கள்.

உயர் நீதிமன்றம் கணவருக்கு நோட்டீஸ் அனுப்பி, அவர் பக்கத்தையும் கேட்கும். அவருக்கும் வயதான தாய் இருக்கலாம், ‘நாகர்கோவிலில் மைத்துனர்களால் எனக்கு ஆபத்து’ என்றும் சொல்லலாம். இரண்டு பக்கத்தையும் பார்த்து, நடுவில் உள்ள ஓர் ஊருக்கு மாற்றுவதும் உண்டு. மதுரை என்று வந்தால் ஏமாற்றம் அடையாதீர்கள். திருச்சியைவிடக் குறைந்த தூரம், காலையில் கிளம்பி இரவில் வீடு திரும்பிவிடலாம்.

இருந்த இடத்திலிருந்தே காணொலியில் ஆஜரானால் என்ன என்று நீங்கள் கேட்கவில்லை, எதிர்த் தரப்பு கேட்கும். 2017 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் மாற்றத்துக்குப் பதில் காணொலியைப் பரிந்துரைத்தது. அதே ஆண்டு அக்டோபரில் மூன்று நீதிபதிகள் அமர்வு, இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில், அதை மாற்றிவிட்டது. முதலில் சமரச முயற்சி நேரில் நடக்க வேண்டும், அது தோற்ற பிறகு இரு தரப்பும் சம்மதித்தால் காணொலி என்று சொன்னது. கொரோனாவுக்குப் பிறகு காணொலி விசாரணை பழகிவிட்டது. உங்கள் வழக்கில் சில வாய்தாக்களுக்கு அது உதவலாம். ஆனால் மாற்று மனு கேட்கும் இடத்தில் ‘எனக்குக் காணொலி போதும்’ என்று அவசரப்பட்டுச் சொல்லிவிடாதீர்கள். உங்கள் வாழ்க்கையைப் பற்றிய சாட்சியத்தை, வீட்டில் அழும் குழந்தைக்கும் அறுந்து அறுந்து வரும் இணையத்துக்கும் நடுவே சொல்வது சுலபம் இல்லை.

மாற்ற உத்தரவு வந்ததும் வேலை முடிந்துவிட்டது என்று நினைத்து வீட்டில் உட்கார்ந்துவிட்டால், திருச்சியில் அலமாரியில் வழக்குக் கட்டு தூங்கிக்கொண்டிருக்கும். உத்தரவு நகலை இரண்டு கோர்ட்டிலும் கொடுத்து, கட்டு நாகர்கோவிலுக்கு வந்து புது எண் ஏறியதா என்று உங்கள் வழக்கறிஞரைவிட்டு விசாரித்துக்கொண்டே இருங்கள். வழக்கு எந்தக் கட்டத்தில் நின்றதோ அங்கிருந்து தொடரலாம், முதலிலிருந்தும் நடத்தலாம். அது புதிய நீதிபதியின் விருப்பம். தாமதம்தான் உங்களுக்கு எதிரி. திருச்சியில் இரண்டு வருடம் போய் வந்து, சாட்சி விசாரணை நடக்கும்போது மாற்றக் கேட்டால், ‘இத்தனை நாள் எப்படி வந்தீர்கள்’ என்ற கேள்விக்குப் பதில் இருக்காது. இப்போது ஒரே ஒரு வாய்தாதான் ஆகியிருக்கிறது. இந்த மாதமே போடுங்கள்.

விவாகரத்து வேண்டுமா என்ற கேள்விக்கு நான் பதில் சொல்லப்போவதில்லை. மாற்று மனுப் போடுவதற்கு அந்த முடிவு தேவையும் இல்லை. நாகர்கோவிலுக்கு வழக்கு வந்த பிறகு, குடும்பநல நீதிமன்றத்தில் ஆலோசகர் முன்னிலையில் இருவரும் உட்காரும் நாள் வரும். இரவெல்லாம் பஸ்ஸில் வந்த களைப்பில்லாமல் அன்று நீங்கள் யோசிக்கலாம்.

மகளைக் கோர்ட்டுக்கு அழைத்துப் போக வேண்டியதில்லை. ‘குழந்தையை ஆஜர்படுத்துங்கள்’ என்று நீதிபதி உத்தரவிட்டால் மட்டும் போதும். கணவர் குழந்தையைத் தன்னிடம் தரக் கேட்டு, காப்பாளர் சட்டத்தின் கீழ்த் தனியாக வழக்குப் போடுவதாக இருந்தால், குழந்தை வழக்கமாக வசிக்கும் ஊரில்தான் போட வேண்டும். அது நாகர்கோவில். அடுத்த வாய்தா அன்று அவளை யாரிடமாவது விட முடிந்தால் விட்டுவிட்டுப் போங்கள். யாரும் இல்லையென்றால் கூடவே அழைத்துப் போங்கள். அதையும் உங்கள் திருச்சி வழக்கறிஞர் நீதிபதியிடம் சொல்லட்டும்.